பிருனுக்கு வைத்த சோறு

நிமோல் தன் அண்ணனின் கதையைக் கண்ட இடத்தில் சொல்லமாட்டாள். பெரிய மார்க்கெட்டின் மஞ்சள் கோபுரத்துக்குப் பின்னால், இரண்டு தெரு தள்ளி, ஒரு செல்போன் கடைக்கு எதிரில் நின்றுதான் சொல்வாள். காலையில் அரண்மனை, அப்புறம் மார்க்கெட், அப்புறம் இந்தக் கடை, கடைசியில் பள்ளிக்கூடமாக இருந்து சிறையாக்கப்பட்ட அந்தக் கட்டடம். புனோம் பென்னைத் தனியாகச் சுற்றிப் பார்க்க வரும் விருந்தாளிகளை அவள் கூட்டிப் போகும் வரிசை அது. சிறையைப் பார்த்தவர்களிடம் அதன்பின் எதைச் சொன்னாலும் காதில் ஏறாது. அங்கே சுவர் முழுக்க, கொல்லப்பட்டவர்களின் முகங்கள், புகைப்படங்களாக. அத்தனை முகங்களோடு தன் அண்ணனையும் ஒரு முகமாக மாட்டிவிட அவளுக்கு மனம் வந்ததில்லை. ஆகவே அதற்கு முன்பே, வெயிலில், ஜனங்கள் பேரம் பேசிக்கொண்டு போகும் தெருவில் வைத்துச் சொல்லிவிடுவாள்.

அம்மா உயிரோடிருந்தால் இதை ஒத்துக்கொண்டிருக்கமாட்டாள். "செத்தவங்க பேரைக் கையில சோறு இல்லாம கூப்பிடாத. பசியோட ஓடி வருவாங்க. வந்து பார்த்தா ஒண்ணும் இருக்காது. அதைவிடப் பாவம் வேற கிடையாது," என்பாள். நிமோல் அம்மாவின் சொல்லைத் தட்டியதில்லை. கதையையும் சொல்லி, அந்தச் சொல்லையும் காப்பாற்ற அவள் தனக்கென்று ஒரு வழி வைத்திருந்தாள்.

அன்றைக்கு வந்தவர்கள் ஹாலந்துக்காரர்கள், கணவனும் மனைவியும். மனைவி ஹான்னா ஓய்வுபெற்ற நர்ஸ். எதைக் காட்டினாலும் கிட்டப் போய்த் தொட்டுப் பார்ப்பவள். கணவர் வில்லெம் தொப்பியை விசிறியாக்கிக்கொண்டு பின்னால் வந்தார். வழக்கமாக நிமோலுக்கு டுக்டுக் ஓட்டுபவன் கோசல். காலையில் போன் பண்ணி, "அக்கா, முதுகு பிடிச்சுக்கிச்சு, எழுந்திருக்கவே முடியல," என்று சொல்லிவிட்டான். இந்த வருடம் அவனுக்கு அடிக்கடி முதுகு பிடித்தது. வேறொருவன் வண்டியில் வந்திருந்தார்கள்.

"அந்த மாடியைப் பாருங்க. கம்பி போட்ட பால்கனி. அதுதான் எங்க வீடு," என்று நிமோல் ஆரம்பித்தாள்.

போரில் ஜெயித்த கறுப்புச் சட்டைக்காரர்கள் நகரத்துக்குள் வந்த அன்று அவளுக்கு ஒன்பது வயது. அப்பா முந்தைய வருடமே போரில் போயிருந்தார். விமானத்திலிருந்து குண்டு விழப்போகிறது, மூன்று நாள் வெளியே போயிருங்கள், திரும்பி வந்துவிடலாம் என்று ஒலிபெருக்கியில் சொன்னார்கள். மூன்று நாள்தானே என்று அம்மா குழம்புச் சட்டியைக்கூடக் கழுவாமல் மூடி வைத்தாள். அண்ணன் பிருனுக்குப் பதினேழு வயது. சைக்கிளில் முன்னால் அரிசியும் பின்னால் தங்கையுமாக உட்கார வைத்துத் தள்ளிக்கொண்டே வந்தான். வழியில் டயர் வெடித்தபோது உள்ளே வைக்கோலைத் திணித்துக் கட்டினான். புர்சாட் பக்கத்துக் கூட்டுப் பண்ணையில் அம்மாவை வேறு பிரிவுக்கு அனுப்பினார்கள், சைக்கிளைப் பிடுங்கிக்கொண்டார்கள். மட்கார்டை மட்டும் எப்படியோ கழற்றி ஒளித்து வைத்திருந்தான். அதைக் கல்லால் தட்டி இரண்டு கரண்டி செய்தான், அவனுக்கொன்று, அவளுக்கொன்று. அந்த நாட்டில் அப்போது ஒரு மனிதனுக்குச் சொந்தமென்று இருக்க அனுமதிக்கப்பட்டது அவனுடைய கரண்டி ஒன்றுதான்.

பிறகு அவளுக்குக் காய்ச்சல் வந்தது. இனிப்பாக ஏதாவது வேண்டுமென்று அனத்தினாள். அண்ணன் யாருக்கும் தெரியாமல் பண்ணையின் பனைமரம் ஏறி, மூங்கில் குழாயில் இறங்கியிருந்த பதநீரை ஒரு மிடறு கொண்டுவந்து அவள் வாயில் ஊற்றினான். மறுநாள் இருவர் வந்தார்கள். அமைப்பு, அதாவது அவர்கள் கட்சி, உன்னைப் படிக்கக் கூப்பிடுகிறது என்றார்கள். படிக்கப் போனவர்கள் திரும்பியதில்லை என்பது அவனுக்குத் தெரியும். கரண்டியை அவளிடம் கொடுத்து, "என் கஞ்சியையும் வாங்கி வை. ஆறினாலும் பரவால்ல," என்றான்.

"மத்தியானம் ரெண்டு கரண்டியோட வரிசையில நின்னேன்," என்று நிமோல் முடித்தாள். எப்போதும் அங்கேதான் முடிப்பாள்.

வழக்கமாக அந்த இடத்தில் விருந்தாளிகள் தரையைப் பார்ப்பார்கள். யாராவது அவள் கையைப் பிடிப்பார்கள். ஹான்னா அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையில் ஈரம் இல்லை.

"அப்புறம்?" என்றாள் ஹான்னா.

"அப்புறம் என்ன? அவ்வளவுதான்."

"இல்ல, அப்புறம் ஒண்ணு இருக்கு. அந்தக் கஞ்சியைச் சாயங்காலம் வரைக்கும் இலை போட்டு மூடி வெச்சிருந்து, இருட்டினதும் நீங்களே குடிச்சுட்டீங்க. சரியா?"

தெருவில் ஹாரன் சத்தமெல்லாம் தூரத்துக்குப் போயிற்று.

"உங்களுக்கு யார் சொன்னது?"

ஹான்னா போனைத் தேய்த்துத் தேய்த்து எதையோ தேடினாள். "வேண்டாம், விடு," என்றார் வில்லெம். அவள் விடவில்லை. ஒரு வீடியோவை ஓடவிட்டுப் போனை நீட்டினாள்.

கோசல். ஆற்றங்கரையில், தன் டுக்டுக்கின் பக்கத்தில், கழுத்தில் கட்டம் போட்ட துண்டு போட்டுக்கொண்டு நின்றான். அந்தத் துண்டை அவன் போட்டு நிமோல் பார்த்ததே இல்லை. கையில் ஒரு கரண்டி. "என் அண்ணன் பிருன்," என்றான் இங்கிலீஷில். சைக்கிள், வைக்கோல், பதநீர். எல்லாம் இருந்தது. அவள் மூச்சு வாங்கும் இடத்தில் அவனும் மூச்சு வாங்கினான். கடைசியில், கஞ்சியைக் குடித்ததைச் சொல்லும்போது கரண்டியை நெஞ்சில் வைத்துக்கொண்டு அழுதான்.

"ஜனவரியில என் அக்கா வந்திருந்தா. அவளுக்கு இவர் சொன்னது. அவ ஊருக்கு வந்து ஒரு வாரம் சரியா சாப்பிடல," என்றாள் ஹான்னா. போனை வெடுக்கென்று பையில் போட்டாள். "இங்க எல்லாரும் இதே கதையை மனப்பாடம் பண்ணி வெச்சிருக்கீங்களா? செத்துப்போனவங்களை வெச்சா இப்படி?"

"இது என் கதை," என்றாள் நிமோல். சொல்லும்போதே அது எவ்வளவு பொய்யாகக் கேட்கிறது என்று அவளுக்கே தெரிந்தது.

"அவரும் அப்படித்தான் சொன்னார்," என்றாள் ஹான்னா. "அவர் சொன்னப்போ நம்பற மாதிரி இருந்தது."

சிறைக்குப் போகவேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். ஓட்டல் வாசலில் இறங்கும்போது வில்லெம் மட்டும் ஏதோ சொல்ல வாயெடுத்து, தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

*

கஞ்சி விஷயத்தை நிமோல் உயிரோடிருக்கும் ஒரே ஒரு ஆளிடம்தான் சொல்லியிருந்தாள். அம்மாவுக்குக்கூடத் தெரியாது.

அது பெருமழை பெய்த ஒரு நாள். விருந்தாளிகளை அரண்மனைக்குள் விட்டுவிட்டு, டுக்டுக்கின் பக்கவாட்டுத் திரைகளை இறக்கிவிட்டு அவளும் கோசலும் உட்கார்ந்திருந்தார்கள். பிளாஸ்டிக் பையில் ஸ்ட்ரா போட்ட ஐஸ் காப்பி. கோசல் அன்றைக்கு ஏனோ தன்னைப் பற்றிப் பேசினான். அவனுக்கு அப்பா அம்மா யாரென்று தெரியாது. கறுப்புச் சட்டைக்காரர்கள் ஓடியபின், சாலையோரத்தில் கிடந்த பிள்ளைகளைப் பொறுக்கிச் சேர்த்த ஒரு விடுதியில் வளர்ந்தவன். பெயர், வயது, பிறந்த நாள் எல்லாம் விடுதி வைத்தது.

"வருஷா வருஷம் ப்சும் பென் வந்தா ஊரே செத்தவங்களுக்குச் சோறு ஆக்கி எடுத்துக்கிட்டு கோயிலுக்குப் போகுது, அக்கா. என் வண்டியில ஏத்திக்கிட்டுப் போய் விடுறேன். வாசல்லயே நிப்பேன். உள்ள போனா 'யாருக்குப்பா?'ன்னு கேப்பாங்க. யாருக்குன்னு சொல்ல?"

சிரித்துக்கொண்டுதான் சொன்னான். ஆனால் ஸ்ட்ராவைக் கடித்துக் கடித்துத் தட்டையாக்கியிருந்தான். அவனுக்கு ஏதாவது திருப்பிக் கொடுக்கவேண்டும் போலிருந்தது நிமோலுக்கு. கொடுக்க அவளிடம் அது ஒன்றுதான் இருந்தது. சமையல்காரி இரண்டு கரண்டியைப் பார்த்து ஒன்றும் பேசாமல் இரண்டு அகப்பை ஊற்றியதையும், இரண்டாவது சிரட்டையை இலை போட்டு மூடியதையும், இருட்டுகிற நேரத்தில் அதை எடுத்துக் குடித்ததையும் சொன்னாள்.

கோசல் தன் காப்பிப் பையைக் கீழே வைத்தான். "அண்ணன் அதுக்குத்தான் கொடுத்திருப்பாரு அக்கா, நீங்க குடிக்கணும்னுதான்," என்றான். அப்படியொரு வார்த்தையை வேறு யாரும் அவளுக்குச் சொன்னதில்லை. அன்றிலிருந்து அவனைக் கூடப்பிறந்தவனாகவே வைத்திருந்தாள். அவன் கல்யாணத்தில் அக்கா முறைக்கு நின்றவள் அவள்தான்.

அந்தக் கோசல்தான் போனுக்குள் கரண்டியோடு அழுதான்.

*

மறுநாள் மத்தியானம் ஆற்றங்கரையில் டுக்டுக்காரர்கள் தூங்கும் மரத்தடிக்குப் போனாள். கோசல் வண்டிக்குள் ஊஞ்சல் கட்டிப் படுத்திருந்தான். அவளைப் பார்த்ததும் இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தான்.

"வாங்க அக்கா. முதுகு இப்போ தேவலாம்."

"கரண்டி எங்க வாங்கின?"

அவன் கை இடுப்பிலிருந்து மெல்ல இறங்கியது.

"என்ன கரண்டி?"

"நெஞ்சுல வெச்சுக்கிட்டு அழுதியே, அது."

பக்கத்து வண்டியில் படுத்திருந்தவன் முகத்திலிருந்த துண்டை விலக்கிப் பார்த்தான். "தூங்குடா நீ," என்று அவனை அதட்டிவிட்டு, கோசல் நிமோலைத் தள்ளி நிற்கக் கூட்டிப் போனான்.

"ரஷ்யன் மார்க்கெட்ல வாங்கினேன். பழைய சாமான் கடையில," என்றான், மறைக்காமல். "இதோ பாருங்க அக்கா, சொல்லலாம்னுதான் இருந்தேன்."

"எப்போ? எனக்குக் கொள்ளி வெச்சப்புறமா?"

"அதான், இப்படிப் பேசுவீங்கன்னுதான் சொல்லல. ஒருநாள் ஒரு வெள்ளைக்காரக் கிழவர் கேட்டாரு, உன் குடும்பம் என்னாச்சுன்னு. தெரியாதுன்னேன். 'தெரியாதுன்னா?'ன்னாரு. தெரியாதுன்னா தெரியாதுதான். அந்த மனுஷன் மூஞ்சியைத் திருப்பிக்கிட்டு ஆத்தைப் பார்க்க ஆரம்பிச்சுட்டாரு. எனக்கு என்னவோ நான் மனுஷனே இல்லாத மாதிரி ஆயிருச்சு. வாயில வந்துருச்சு அக்கா. அண்ணன் ஒருத்தர் இருந்தாருன்னு சொல்லிட்டேன்."

"ஒரு தடவை வாயில வந்தது சரி. கரண்டியுமா வாயில வந்தது?"

கோசல் தலையைச் சொறிந்தான்.

"உனக்கு அண்ணனே கிடையாதுடா."

"கிடையாதுன்னு உங்களுக்குத் தெரியுமா?" சட்டென்று நிமிர்ந்தான். கண் சிவந்திருந்தது. "எனக்கே தெரியாது. இருந்திருப்பான். என்னையும் ஒருத்தன் தோள்ல தூக்கிட்டு நடந்திருப்பான். இல்லாட்டி நான் எப்படிச் சாகாம இருந்தேன்? அவன் எப்படிப் போனான்னு சொல்ல யாரும் மிஞ்சல. உங்க அண்ணன் மாதிரியே போயிருக்கக் கூடாதா?"

"போயிருக்கலாம். அவன் கதையைத் தேடி நீ சொல்லு. என் அண்ணனை விடு."

"உங்ககிட்ட ஒண்ணும் குறைஞ்சுடலையே அக்கா! நீங்களும் சொல்றீங்க, நானும் சொல்றேன். நீங்க சொன்னா அவங்க அழறாங்க, நான் சொன்னாலும் அழறாங்க."

"நேத்திக்கு நான் சொன்னேன். யாரும் அழல," என்றாள் நிமோல். "திருடி மாதிரி என்னைப் பார்த்தாங்க. கஞ்சியை நான் உனக்குத்தானேடா சொன்னேன். ஊருக்கா சொன்னேன்?"

கோசல் அவசரமாக, "இனிமே சொல்லல. போதுமா? சத்தியமா சொல்லல," என்றான். அப்புறம், அவள் இரண்டடி நடந்ததும், "காப்பி சாப்பிட்டுப் போங்க," என்றான். அவள் திரும்பிப் பார்க்கவில்லை.

அலுவலகத்திலிருந்து கூப்பிட்டது அதற்கு அடுத்த நாள். சுற்றுலாக்களை ஏற்பாடு செய்யும் அந்தச் சின்ன கம்பெனியை லீக்கனா என்ற இளம்பெண் நடத்திக்கொண்டிருந்தாள். நல்ல பெண். நிமோலைச் சித்தி என்றுதான் கூப்பிடுவாள்.

"சித்தி, கோபப்படாதீங்க. அந்த ஹாலந்து அம்மா இன்டர்நெட்ல எழுதியிருக்காங்க. வழிகாட்டிங்க எல்லாரும் ஒரே சோகக் கதையைச் சொந்தக் கதைன்னு ஒப்பிக்கறாங்கன்னு. நிறைய பேர் படிச்சுட்டாங்க."

"அது என்னோடது லீக்கனா. உனக்குத் தெரியாதா?"

"எனக்குத் தெரியும். அவங்களுக்குத் தெரியுமா?" லீக்கனா தன் காப்பியைக் கலக்கிக்கொண்டே இருந்தாள். "கோசல் மாமா சொன்ன வீடியோ அவ்வளவு தூரம் போயிருக்கு. முதல்ல அதைப் பார்த்துட்டு வர்றவங்களுக்கு உங்களோடதுதான் நகல். கொஞ்ச நாளைக்கு அந்தக் கடைக்கு முன்னாடி நிக்க வேண்டாம் சித்தி. மார்க்கெட்டைக் காட்டுங்க, பழம் வாங்கிக் கொடுங்க, நேரே போயிருங்க."

"எத்தனை நாளைக்கு?"

லீக்கனா மறுபடி காப்பியைக் கலக்கினாள்.

அதற்கப்புறம் நிமோல் அந்தத் தெருவில் விருந்தாளிகளோடு போகும்போது மாடியைப் பார்ப்பதில்லை. ஒரு கொரியாக்காரப் பையன் நின்று அந்தப் பழைய பால்கனியைப் படமெடுத்தான். "அது என்ன கட்டடம்?" என்று கேட்டான். "செல்போன் கடை," என்றாள் நிமோல். அன்று இரவு அவளுக்குத் தூக்கம் வரவில்லை. அண்ணனை மறுபடியும் யாரோ படிக்கக் கூப்பிட்டுக்கொண்டு போனது போலவும், இந்த முறை அவளே வாசல்வரை வந்து வழியனுப்பியது போலவும் இருந்தது.

*

ப்சும் பென் வந்தது. இறந்தவர்களின் வாசல் திறந்து, பசித்தவர்கள் கோயில் கோயிலாகத் தங்கள் ஜனங்களைத் தேடி அலையும் பதினைந்து நாள். ஏழு கோயிலில் தேடியும் தன் பெயரில் சோறு வைத்தவர் யாருமில்லையென்றால் அவர்கள் சபித்துவிட்டுப் போவார்கள். அதனால் ஜனங்களும் ஏழு கோயிலுக்குப் போவார்கள். நிமோல் ஆறு கோயிலை முடித்திருந்தாள். ஏழாவதாக எப்போதும் போகும் கோயிலில் விஹாரத்தைப் பெரிதாக்கக் கட்டட வேலை நடந்ததால், இந்த முறை பாலம் தாண்டி, ஆற்றின் அக்கரையிலிருக்கும் சின்ன கோயிலுக்குப் போனாள்.

தூக்குச் சட்டியில் அடுக்கடுக்காக எல்லாம் இருந்தது. கீழே வெள்ளைச் சோறு, நடுவில் இஞ்சி போட்ட மீன், மேலே வாழையிலையில் சுற்றி அவித்த பன்றி இறைச்சிக் கொழுக்கட்டை. துணியில் சுற்றிய அண்ணனின் கரண்டி தனியாக. அதை அவள் விருந்தாளிகள் யாருக்கும் காட்டியதில்லை. வருடத்தில் இந்த நாட்களில் மட்டுமே வெளியே எடுப்பாள், சோறு பரிமாறுவதற்காக.

பெரிய கூடத்தில் பாய்கள் விரித்திருந்தன. பிக்குகள் ஒரு பக்கம் வரிசையாக உட்கார்ந்திருக்க, வெள்ளைச் சட்டை போட்ட ஆச்சார், சடங்குகளை நடத்திவைக்கும் கிழவர், மைக்கைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு குடும்பமும் சொன்ன இறந்தவர்களின் பெயர்களை அழைத்துக்கொண்டிருந்தார். நிமோல் பின்பக்கம் இடம் பார்த்து உட்கார்ந்து, சட்டியின் கொண்டியைக் கழற்றினாள்.

"...தாத்தா மாவ். பாட்டி யேம். சின்னம்மா ஸ்ரேய். வந்து வாங்கிக்கோங்க. அடுத்தது கோசல் குடும்பம். அண்ணன் பிருன். வந்து வாங்கிக்கோங்க."

ஒலிபெருக்கி கூடத்துக்கு வெளியே, மரங்களுக்கு மேல், ஆறுவரை அந்தப் பெயரைக் கொண்டுபோயிற்று.

அவள் எழுந்து நின்றுவிட்டாள். முன்வரிசையில் கோசலும் அவன் மனைவியும் கைகூப்பி உட்கார்ந்திருந்தார்கள். அவர்களுக்கு முன்னால் ஒரு தட்டு நிறைய சோறு, பக்கத்தில் பொரித்த வாத்து. விருந்தாளி யாரும் இல்லை. போன் இல்லை. கழுத்தில் துண்டு இல்லை. கோசல் கண்ணை மூடிக்கொண்டு உதட்டை அசைத்துக்கொண்டிருந்தான்.

அந்தச் சுற்று மந்திரம் முடிந்து முன்வரிசை ஜனங்கள் எழுந்தபோது அவன் அவளைப் பார்த்தான். மனைவியிடம் என்னவோ சொல்லிவிட்டு, தட்டைப் பிக்குகள் முன் வைக்காமல் கையிலேயே எடுத்துக்கொண்டு வந்தான். முகத்தில் பயம் இருந்தது. ஆனால் ஆற்றங்கரையில் தலையைச் சொறிந்த அந்த வெட்கம் இல்லை.

"இதை எந்த வெள்ளைக்காரனுக்காகப் பண்றே?" என்று கேட்டாள் நிமோல்.

"அக்கா, கோயில்ல வெச்சு..."

"கேக்கறேன். சொல்லு."

"யாருக்காகவும் இல்ல." குரலைத் தாழ்த்தினான். "மூணு வருஷமாச்சு. இந்தக் கோயிலுக்கு நீங்க வரமாட்டீங்கன்னுதான் இங்க வந்தேன். முதல் வருஷம் வாசல்லதான் நின்னேன். ஆச்சார் கூப்பிட்டு யாருக்குப்பான்னாரு. எனக்கு வேற பேரு தெரியாதே. அவரைப் பத்தித்தானே தினமும் பேசறேன். அவர்கூடத்தானே இருக்கேன். சோறு வாங்கிக்கட்டும்னு நினைச்சேன். திருட்டுக்குப் பரிகாரம்னே வெச்சுக்கோங்களேன். என்னைத் திட்டுங்க, அடிங்க. அவருக்கு ரெண்டு பக்கத்திலேருந்து சோறு வந்தா நல்லதுதானே?"

நிமோல் அவன் தட்டைப் பார்த்தாள். நல்ல அரிசி. வாத்தை முறுகலாகப் பொரித்திருந்தார்கள். எள் கலந்த சோற்றுருண்டைகளைக் கோசலின் மனைவி வட்டமாக அடுக்கியிருந்தாள். திருடியவன் இவ்வளவு பதமாகவா சமைத்துக்கொண்டு வருவான் என்று ஒரு கணம் நெஞ்சு இளகப் பார்த்தது. உடனே ஹான்னாவின் முகம் வந்தது. செல்போன் கடை என்று தான் சொன்ன குரல் வந்தது.

"அவன் பேரு பிருன் இல்ல," என்றாள்.

கோசலுக்குப் புரியவில்லை.

"முதல் தடவை அந்தத் தெருவில நின்னு சொன்ன அன்னிக்கு மழை பெஞ்சுக்கிட்டிருந்தது. பிருன்னா மழைதானே. வாய்க்கு வந்த பேரைச் சொன்னேன். அதையே வெச்சுக்கிட்டேன். நடுத்தெருவில, கையில ஒரு பருக்கை இல்லாம, அண்ணனை எப்படிப் பேர் சொல்லிக் கூப்பிடறது? பசியோட ஓடி வருவான்ல? பிருன்னு யாரும் இல்லடா. பொறக்கவே இல்ல."

கூடத்தில் பிள்ளைகள் ஓடினார்கள். யாரோ தூக்குச் சட்டியைக் கீழே போட்டார்கள், மூடி உருண்டு போயிற்று. கோசல் தட்டைப் பார்த்தான், அவளைப் பார்த்தான்.

"அப்போ," என்றான் கடைசியில், "இத்தனை வருஷமா என் சோத்தைத் தின்னது யாரு?"

அவளுக்குத் தெரியவில்லை. அந்தக் கேள்வியை அவள் எதிர்பார்த்திருக்கவில்லை. ஏழு கோயிலில் தேடியும் பெயர் கிடைக்காத யாரோ ஒருவன் வந்து தின்றிருக்கலாம். யாரும் தொடாமல் நாயும் காக்கையும் தின்றிருக்கலாம். தெரியாது என்று சொல்ல வாயெடுத்தாள். அந்த வார்த்தையைக் கேட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டதாகக் கோசல் சொன்ன வெள்ளைக்காரக் கிழவரின் ஞாபகம் வந்து நிறுத்திக்கொண்டாள்.

"பேர் என்னக்கா?" கோசல் கெஞ்சினான். "சொல்லுங்க. வெளிய மூச்சு விடமாட்டேன். இங்க மட்டும், இந்தத் தட்டுக்கு மட்டும். எனக்குன்னு கூப்பிட ஒரு பேரு வேணும்."

மழை நாளில் ஸ்ட்ராவைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவன் அந்தக் குரலில் இருந்தான். அவனுக்குத்தான் அவள் அன்றைக்குக் கொடுத்தாள். கொடுத்தது ஆற்றங்கரையில் கரண்டியோடு நின்றது.

"உங்கிட்ட ஒரு தடவை சொன்னேன்," என்றாள் நிமோல்.

சட்டியை எடுத்துக்கொண்டு அவனைக் கடந்து ஆச்சாரிடம் போய் மண்டியிட்டாள். சோற்றைத் தட்டில் வைக்கத் துணியைப் பிரித்துக் கரண்டியை எடுத்தாள். மட்கார்டின் பச்சைப் பெயின்ட் காம்பின் அடியில் இன்னும் ஒரு நகமளவு ஒட்டிக்கொண்டிருந்தது. பின்னாலிருந்து கோசல் எட்டிப் பார்த்தான். "இவ்வளவு சின்னதா?" என்று தனக்குள் சொல்லிக்கொண்டது அவளுக்குக் கேட்டது. மார்க்கெட்டில் அவன் வாங்கியது பெரியது. படத்தில் நன்றாகத் தெரியும்.

"யாருக்கும்மா?" என்றார் ஆச்சார், மைக்கில். அந்தக் கேள்வி ஆறுவரை போயிற்று.

"தாத்தா, மைக்கைக் கொஞ்சம் மூடிக்கோங்க. காதுல சொல்றேன்."

"காதுலயா? ஊரே கத்திக் கூப்பிடுது, உன் ஆளுக்கு மட்டும் ரகசியமா?" கிழவர் சிரித்தார். அவள் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை நிறுத்தி, உள்ளங்கையால் மைக்கை மூடி, தலையைச் சாய்த்துக் காதைக் கொடுத்தார்.

அவள் சொன்னாள். கையில் சோறு இருந்தது.

ஒலிபெருக்கிகள் அந்த நேரம் வெறுமனே இரைந்துகொண்டிருந்தன, வேறொன்றும் இல்லை. கிழவர் உதடு அசைய அந்தப் பெயரை மெல்லக் கூப்பிட்டார். பிறகு மைக்கைத் திறந்து, அடுத்த குடும்பத்தின் பெயர்களைப் படிக்க ஆரம்பித்தார்.

தட்டைப் பிக்குகளின் முன்னால் வைத்துவிட்டுத் திரும்பும்போது கோசல் அங்கேயே நின்றிருந்தான். அவன் மனைவி வாசலிலிருந்து, "என்னாச்சு? எங்க வைக்கணும் அதை?" என்று கூப்பிட்டாள். அவன் சோற்றையும் வாத்தையும் இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு, எந்தப் பக்கம் போவது என்று தெரியாமல், கூட்டத்துக்கு நடுவில் நின்றுகொண்டிருந்தான். நிமோல் கரண்டியைத் துடைத்துத் துணியில் சுற்றினாள். வெளியே வந்து செருப்பைத் தேடிப் போட்டுக்கொண்டு, அவன் டுக்டுக் நின்ற இடத்தைச் சுற்றிக்கொண்டு, பாலத்தை நோக்கி நடந்தாள்.